மலைப் பள்ளியில் பாட்டு எப்படி மந்திரமாகிறது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் எழுதிவரும் தொடர்கதையின் பெரும்பகுதி, ஏரிகள் நிறைந்த ஒரு மலைநாட்டில், சரிவின் பாதியில் நிற்கும் இசைப் பள்ளி ஒன்றில் நடக்கிறது. அந்நாட்டில், முறையறிந்து பாடினால் கிணற்றில் நீர் மேலேறும், பூட்டிய கதவு திறக்கும், மிரண்டோடும் மந்தை நிற்கும். ஊரார் அதை மலைப் பள்ளி என்று மட்டுமே அழைக்கிறார்கள். கதையைப் படித்தவர்கள் திரும்பத் திரும்பக் கேட்டவற்றுக்கு இங்கே விடை எழுதியிருக்கிறேன். பள்ளி கற்பனைதான் என்றாலும், அதன் விதிகளில் பலவற்றை உண்மையான இசையிலிருந்தும் பழைய இசைமரபுகளிலிருந்தும் எடுத்திருக்கிறேன். எது எங்கிருந்து வந்தது என்பதை அந்தந்த விடையிலேயே சொல்லிவிடுகிறேன்.

பாடுபவரிடம் ஏதேனும் மந்திர சக்தி இருக்கிறதா?

இல்லை. கதையின் அடித்தளமே இதுதான் என்பதால் சற்று விரிவாகச் சொல்கிறேன். மலைநாட்டில் ஒவ்வொரு பொருளுக்கும் ஒவ்வோர் உயிருக்கும் அதற்கே உரிய சுரம் ஒன்று உண்டு; பள்ளியில் அதைப் பிறவிச்சுரம் என்பார்கள். பாடுபவர் அந்தச் சுரத்தைக் கேட்டறிந்து, அதே சுரத்தைத் தன் குரலிலோ தந்தியிலோ எழுப்பும்போது அந்தப் பொருள் தானாகவே அதிர்ந்து விடையளிக்கிறது.

இதற்கான விதையை வீட்டிலேயே பார்க்கலாம். இரண்டு வீணைகளை ஒரே சுருதியில் சேர்த்து அருகருகே வைத்து, ஒன்றின் சாரணித் தந்தியின் மேல் சிறு காகிதத் துண்டு ஒன்றை மடித்து ஏற்றிவிட்டு, மற்றதன் சாரணியை மட்டும் மீட்டிப் பாருங்கள். யாருடைய விரலும் படாத தந்தி அதிர்ந்து, காகிதம் துள்ளி விழும். சுருதி விலகியிருந்தால் எவ்வளவு பலமாக மீட்டினாலும் காகிதம் இருந்த இடத்திலேயே இருக்கும். பலத்தால் ஆகாதது பொருத்தத்தால் ஆகிறது என்ற இந்த ஓர் உண்மையிலிருந்துதான் கதையின் மந்திரம் முழுவதையும் வளர்த்தெடுத்தேன். ஆகவே மலைப் பள்ளியில் உரத்த குரலுக்கு மதிப்பில்லை. ஒரு பாறையின் சுரத்தை இதுவரை கேட்டிராத ஒருவர், எவ்வளவு பெரிய வித்துவானாக இருந்தாலும், அதை அசைக்க முடியாது.

அப்படியானால் எதை வேண்டுமானாலும் செய்துவிடலாமே? இதற்கு விலை எதுவும் இல்லையா?

உண்டு, அந்த விலையைக் கண்டுபிடிக்கத்தான் எனக்கு நீண்ட காலம் ஆயிற்று. மந்திரம் பயன்படுத்தினால் களைப்பு வரும், மூக்கில் இரத்தம் வரும் என்பன போன்ற வழக்கமான விலைகள் எனக்குப் பிடிக்கவில்லை, ஏனென்றால் அவற்றுக்கும் இசைக்கும் எந்த உறவும் இல்லை. இசைக்குள்ளேயே தீராத கணக்கு ஒன்று இருக்கும்போது வெளியே போய்த் தேட வேண்டியதில்லை.

‘ச’ என்னும் சட்ஜத்திலிருந்து ‘ப’ என்னும் பஞ்சமம், அந்தப் பஞ்சமத்தைச் சட்ஜமாகக் கொண்டு அடுத்த பஞ்சமம் என்று தூய சுருதியில் ஏறிக்கொண்டே போனால், பன்னிரண்டாவது படியில் தொடங்கிய சுரத்துக்கே, ஏழு ஸ்தாயி மேலே, வந்து சேர வேண்டும். ஆனால் சேர்வதில்லை. பஞ்சமம் ஏறினால் அதிர்வெண் ஒன்றரை மடங்காகும், ஒரு ஸ்தாயி ஏறினால் இரண்டு மடங்காகும். ஒன்றரையைப் பன்னிரண்டு முறை பெருக்கினால் ஏறத்தாழ 129.75 வருகிறது, இரண்டை ஏழு முறை பெருக்கினால் 128 வருகிறது. இடையில் நிற்கும் வேறுபாடு அரைச்சுரத்தில் கால் பங்கை விடச் சற்றே குறைவு. காதுக்கு நன்றாகவே தெரியும். வட்டம் மூடுவதில்லை. இது எந்தக் கருவியின் குறையும் அன்று, எந்தப் பாடகரின் பிழையும் அன்று. எண்களின் இயல்பே அப்படி. பழைய ஐரோப்பிய விசைக்கருவிகளில் சுருதி சேர்த்தவர்கள் மற்றப் பஞ்சமங்களை எல்லாம் தூய்மையாக வைத்துக்கொண்டு, இந்தக் குறை முழுவதையும் அதிகம் புழங்காத ஒரே பஞ்சமத்தில் தள்ளிவிடுவார்கள். அந்த இரண்டு கட்டைகளையும் சேர்த்து அழுத்தினால் ஊளையிடுவதுபோல் கேட்கும் என்பதால் அதற்கு ஓநாய் என்றே பெயர்.

மலைநாட்டில் ஒவ்வொரு மந்திரப் பாட்டும் இத்தகைய எச்சம் ஒன்றை விட்டுச் செல்கிறது. அதை எங்காவது வைத்தாக வேண்டும். தேர்ந்தவர்கள் அதை ஓடும் நீரிலும் காற்றிலும் சிறு சிறு பங்காகக் கலைத்துவிடுவார்கள். அவசரத்தில் பாடுபவர்களிடம் அது அவர்களுடைய காதிலேயே தங்கி, ஒரு சுரத்தைக் கேட்கும் திறனை எடுத்துக்கொள்ளும். நாயகியின் ஆசிரியைக்குத் தைவதம் என்னும் சுரம் கேட்காது என்று மூன்றாம் அத்தியாயத்தில் வருவது இதனால்தான். பெருங்கொடுமை செய்யும் அரசவைப் பாடகனோ தன் எச்சத்தை எல்லாம் ஒரே சிற்றூரின் மேல் தள்ளிவிடுகிறான். அவ்வூரில் ஏன் எந்தக் குழந்தையும் தாலாட்டுக்குத் தூங்குவதில்லை என்று கேட்டவர்களுக்கும் இதுவே விடை.

பள்ளியில் சேரப் பிறவியிலேயே வரம் பெற்றிருக்க வேண்டுமா?

வேண்டாம். சேர்க்கைக்குப் பாட்டுத் தேர்வே கிடையாது. வந்தவரைச் சுனையருகே ஒரு பகல் முழுவதும் உட்காரவைத்து, மாலையில் என்னென்ன கேட்டாய் என்று மட்டும் கேட்பார்கள். குலம் கேட்பதில்லை, கட்டணமும் இல்லை.

இந்த விதியை நான் மனமாரவே எழுதினேன். யாழ் இசைத்தால் வழிப்பறிக் கள்வர்கூடக் கையிலிருந்த படைக்கருவியைக் கீழே போட்டுவிடுவார்கள் என்று பொருநராற்றுப்படை சொல்கிறது. அதே பாட்டில் அந்தக் கலைஞன் உடுத்தியிருப்பது என்ன தெரியுமா? ஈரும் பேனும் குடியிருக்கும், வேர்வையில் நனைந்த, வேற்றுநூலால் தைத்துத் தைத்து ஒட்டுப்போட்ட கந்தல். இவ்வளவு வல்லமையும் இவ்வளவு வறுமையும் ஒரே ஆளிடம் இருந்ததைப் படித்த பிறகு, அரண்மனைப் பிள்ளைகளுக்கு மட்டுமான பள்ளியை என்னால் கற்பனை செய்ய முடியவில்லை. ஐரோப்பாவிலும் பேர்பெற்ற இசைப் பள்ளிகள் சில ஆதரவற்ற பிள்ளைகளுக்கான இல்லங்களாகத்தான் தொடங்கின. நேப்பிள்ஸ் நகரில் 16ஆம் நூற்றாண்டில் எழுந்த நான்கு இல்லங்கள் அப்படிப்பட்டவை. வெனிஸில் 1703இல் விவால்டி வயலின் ஆசிரியராகச் சேர்ந்த இல்லத்தில், கைவிடப்பட்ட பெண்குழந்தைகள் வளர்ந்து, கம்பிவலைக்குப் பின்னால் முகம் தெரியாமல் நின்று வாசித்தார்கள். அதைக் கேட்கப் பல நாட்டார் வந்தார்கள். என் கதையில் அந்தக் கம்பிவலை இல்லை.

படிப்பு எத்தனை ஆண்டு? என்ன கற்பிக்கிறார்கள்?

ஏழாண்டு. மாதவி ஏழாண்டு பயின்று பன்னிரண்டாம் அகவையில் அரங்கேறினாள் என்ற சிலப்பதிகாரக் கணக்கை அப்படியே எடுத்துக்கொண்டேன். அங்கே ஆடலாசான், இசையாசிரியன், பாடல் புனைபவன், தண்ணுமை முழக்குபவன், குழலோன், யாழாசிரியன் என்று ஒவ்வொருவரின் தகுதியும் தனித்தனியே பேசப்படுகிறது. ஒரு மாணவிக்குப் பின்னால் இத்தனை ஆசான்கள். மலைப் பள்ளியிலும் எந்த மாணவரும் ஒரே ஆசிரியருக்கு உரியவர் அல்லர்.

முதலாண்டில் வாய் திறந்து பாட அனுமதி இல்லை. தம்பூராவுக்குச் சுருதி சேர்ப்பதும், விடியலுக்கு முன் எழுந்து அதன் நாதத்தைக் கேட்டுக்கொண்டிருப்பதுமே பாடம். தம்பூராவை அருகில் பார்த்தவர்களுக்கு தந்திகளைத் தாங்கும் குதிரை என்ற கட்டையும் தந்தியும் சந்திக்கும் இடத்தில் செருகியிருக்கும் பருத்தி நூல் நினைவிருக்கும். ஜீவா என்ற அந்த நூலை மயிரிழை அளவு முன்னும் பின்னும் நகர்த்திக்கொண்டே போனால், மொட்டையாக ஒலித்த தந்தி ஓரிடத்தில் திடீரென்று விரிந்து, மீட்டிய சுரத்துக்கு மேலே வேறு சுரங்களையும் ரீங்காரமாக எழுப்பும். நூல் இன்னும் கொஞ்சம் நகர்ந்தால் அந்த ரீங்காரம் போய்விடும். அந்த இடத்தை விரலால் அன்றிக் காதால் கண்டுபிடிக்கத் தெரிந்தவரே இரண்டாம் ஆண்டுக்குப் போகலாம்.

இருட்டறைப் பாடம் கொடுமையாக இருக்கிறதே. அது தேவைதானா?

மாணவர் இருளில் படுத்துப் பாட்டுக் கட்டும் அந்த அறை தண்டனை அறை அன்று. அயர்லாந்தில் 17ஆம் நூற்றாண்டு வரை இயங்கிய புலவர் பள்ளிகளின் வழக்கத்தைப் பின்பற்றி எழுதினேன். அங்கே மாணவருக்கு ஆசிரியர் பாடுபொருளைக் கொடுத்தபின், சாளரமில்லாத சிற்றறையில் ஆளுக்கொரு படுக்கையில் இருளில் படுத்தபடியே மறுநாள் முழுவதும் மனத்துக்குள் யாப்பை அமைக்க வேண்டும். குறித்த நேரத்தில் விளக்கு வந்தபிறகே எழுத்தில் பதிக்கலாம். ஸ்காட்லாந்தின் மேற்குத் தீவுகளில் புலவர்கள் துணியால் தலையை மூடி, வயிற்றின் மேல் ஒரு கல்லை வைத்துக்கொண்டு படுத்துப் பாட்டுக் கட்டியதாக 1703இல் வெளிவந்த பயணக்குறிப்பு ஒன்று கூறுகிறது. அந்தக் கல்லைக் கதையில் விடாமல் வைத்துக்கொண்டேன். மலைப் பள்ளியில் அது மூச்சுப் பயிற்சிக்கு உதவுகிறது. கல் ஏறி இறங்குவதை வைத்தே மாணவர் தம் மூச்சின் அளவை இருளில் அறிகிறார்.

ஏன் வீணையோ வயலினோ இல்லாமல் யாழ்?

வழக்கொழிந்துபோன கருவி என்பதால் முதலில் ஈர்த்தது. பிறகு அதன் அமைப்பே கதைக்குப் பொருந்திவந்தது. யாழில் வீணையில் இருப்பதுபோல் விரல்வைத்து அழுத்தும் மெட்டுக்கட்டைகள் இல்லை, ஒரு தந்தியை ஓரிடத்தில் அழுத்தி வேறு சுரம் எடுக்கும் வசதி இல்லை. ஒரு தந்திக்கு ஒரு சுரம். ஆகவே பண் மாற வேண்டுமானால் சுருதியையே மாற்றியாக வேண்டும். பாடும் முன் எதைப் பாடப்போகிறோம் என்று முடிவு செய்துவிட வேண்டிய கருவி, மந்திரத்துக்கு ஏற்ற கருவி.

பத்தர், தோல்போர்வை, கோடு, திவவு என்று அதன் உறுப்புகளை எல்லாம் சங்கப் பாட்டு நுணுக்கமாகச் சொல்லிவைத்திருக்கிறது. தோலைப் பிணைத்து ஓட்டைகளை அடைக்கும் ஆணிகள் வளையிலிருந்து எட்டிப்பார்க்கும் நண்டின் கண்களைப்போல் இருக்கும் என்று படித்த நாளிலிருந்து, நாயகியின் யாழை நான் வேறு விதமாக எழுதியதில்லை. வடக்கே பின்லாந்தின் பழங்கதையில், வைனமொய்னன் என்னும் முதியவன் பெருமீனின் தாடையெலும்பில் தந்தி கட்டி மீட்டியபோது காட்டுயிர்கள் எல்லாம் கூடிவந்து கேட்டன. ஏரிக்கரை மாணவன் வாசிக்கும் எலும்புக்கருவி அங்கிருந்து வந்தது.

எந்தப் பாட்டு எதைச் செய்யும்? பட்டியல் தர முடியுமா?

முழுப் பட்டியல் தந்தால் கதையின் முடிச்சுகள் அவிழ்ந்துவிடும். ஆனால் மூலங்களைச் சொல்லலாம். அயர்லாந்தின் தொன்மத்தில் தாக்தா என்னும் தேவன், பகைவர் கவர்ந்து சென்ற தன் யாழைத் தேடிப்போகிறான்; அவன் அழைத்ததும் அது சுவரை விட்டுத் தாவி வருகிறது. அழவைக்கும் பாட்டு, சிரிக்கவைக்கும் பாட்டு, உறங்கவைக்கும் பாட்டு என்ற மூன்றையும் அவன் வரிசையாக வாசிக்க, படை முழுவதும் உறங்கிவிட, அவனும் தோழர்களும் தப்பிச் செல்கிறார்கள். மலைப் பள்ளியின் மூன்று அடிப்படைப் பாட்டுகள் இவையே.

உறக்கப் பாட்டுக்கு எனக்கு அதைவிட நெருக்கமான மூலம் அகநானூற்றில் இருக்கிறது. தினைப்புனத்தில் கதிரைத் தின்ன வந்த யானை, பரண்மேல் ஒருத்தி குறிஞ்சிப்பண் பாடுவதைக் கேட்டு, கதிரையும் தின்னாமல் நின்ற இடத்தை விட்டும் பெயராமல், எளிதில் உறங்காத கண்களை மூடி உறங்கிவிடுகிறது. அவள் யானையை விரட்டப் பாடவில்லை என்பதுதான் எனக்கு முக்கியம். அவள் தன் பாட்டுக்குப் பாடிக்கொண்டிருந்தாள்.

குணமாக்கும் பாட்டுக்கு மூலம் புறநானூறு. போரில் புண்பட்டுத் திரும்பியவனைக் காக்க, வீட்டில் வேப்பிலையும் இரவமரத் தழையும் செருகி, யாழோடு பல கருவிகளும் ஒலிக்க, வெண்சிறுகடுகு தூவி, ஆம்பற்குழல் ஊதி, மணி அடித்து, காஞ்சிப்பண் பாடி, நறும்புகை எழுப்புகிறார்கள். இந்த வரிசையில் மருந்தையும் இசையையும் சடங்கையும் தனித்தனியாகப் பிரிக்க முடியாது. பள்ளியின் மருத்துவச்சாலைக் காட்சியில் நான் இதில் ஒரு பொருளைக்கூட மாற்றவில்லை.

தீ மூட்டும் பாட்டு உண்டா?

கதையில் இல்லை. அக்பர் அவையின் தான்சேன் தீபக் ராகம் பாடி விளக்குகளை ஏற்றினார், அதன் வெம்மையை மழை ராகம் தணித்தது என்ற கதை புகழ்பெற்றது. அது அவருக்கே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

இசையால் தீங்கு செய்பவர்களைப் பள்ளி எப்படித் தடுக்கிறது?

தடுக்க முடிவதில்லை; அதனால்தான் கதையே இருக்கிறது. ஆனால் இரண்டாம் ஆண்டின் முதல் பாடமே அசுணத்தின் கதை. சங்க இலக்கியம் பேசும் அசுணம் இனிய இசையில் மயங்கும் விலங்கு. வேட்டுவர் மறைந்திருந்து யாழை மீட்டுவார்கள். அது தன்னை மறந்து அருகில் வந்ததும் பறையை அறைவார்கள். அந்த வன்மையான ஓசையைத் தாங்காமல் அது இறந்துபோகும். நற்றிணைத் தலைவி ஒருத்தி, அசுணத்தைக் கொல்பவர் கையைப்போல இன்பமும் துன்பமும் உடையது தலைவனின் மார்பு என்கிறாள். யாழை மீட்டியதும் அந்தக் கைதான், பறையை அறைந்ததும் அந்தக் கைதான். மலைப் பள்ளி மாணவர் இந்தக் கதையை வேட்டுவனாகவும், பிறகு அசுணமாகவும் இருமுறை நடித்துக் காட்ட வேண்டும். சிலர் அந்த நாளோடு பள்ளியை விட்டுப் போய்விடுகிறார்கள்; அவர்களை யாரும் குறை சொல்வதில்லை.

பள்ளிக் கட்டடத்தைப் பற்றிச் சொல்லுங்கள். ஏன் எப்போதும் அத்தனை இரைச்சல்?

உண்மையான இசைப் பள்ளி அமைதியான இடம் அன்று. 1770இல் நேப்பிள்ஸ் சென்ற சார்லஸ் பர்னி என்ற ஆங்கிலேய இசை வரலாற்றாசிரியர், அங்குள்ள ஓர் இல்லத்தில் கண்டதை எழுதியிருக்கிறார். மாடிப்படியில் ஒருவன் எக்காளம் ஊதிக்கொண்டிருக்கிறான். பொதுவறையில் ஹார்ப்சிகார்டு என்னும் விசைக்கருவிகள் ஏழெட்டு, அவற்றினும் மிகுதியான வயலின்கள், பல குரல்கள், அத்தனையும் வெவ்வேறு பாட்டை வெவ்வேறு சுருதியில் ஒரே நேரத்தில் பழகுகின்றன; இடநெருக்கடியால் படுக்கைகளே ஹார்ப்சிகார்டு வாசிப்பவர்களுக்கு இருக்கை. மாணவர் கூடத்தை அப்படியே எழுதினேன், ஒரு வேறுபாட்டோடு: அந்த இரைச்சலுக்கு நடுவே தன் சுரத்தை மட்டும் பிரித்துக் கேட்பதும் அங்கே ஒரு பாடம்.

கூடத்துத் தூண்கள் தட்டினால் சுரம் எழுப்புவதைச் சிலர் மிகையான கற்பனை என்றார்கள். திருநெல்வேலி நெல்லையப்பர் கோயிலிலும் ஹம்பியிலும் அத்தகைய கல்தூண்கள் இன்றும் நிற்கின்றன. நூலகத்துக்குப் பதிலாகப் பாறையில் வெட்டிய பாடம் இருப்பதும் அப்படித்தான். புதுக்கோட்டைக்கு அருகே குடுமியான்மலையில் பண்களுக்கான சுரக்கோவைகள் கல்வெட்டாகவே பொறிக்கப்பட்டிருக்கின்றன. மாணவர் நலனுக்காக ஓர் அரசன் இதைச் செய்தான் என்று அக்கல்வெட்டே சொல்கிறது. பாடநூலைப் பாறையில் எழுதிவைத்த அந்த மனத்தை நான் பெரிதும் வணங்குகிறேன்.

காது கேளாத மாணவன் எப்படித் தலைமாணாக்கன் ஆனான்?

கேட்பது காதால் மட்டும் நடப்பதில்லை. ஜெர்மானிய அறிவியலாளர் கிளாட்னி, உலோகத் தகட்டின் மேல் மணலைத் தூவி அதன் விளிம்பை வில்லால் இழுத்தபோது, மணல் நகர்ந்து நகர்ந்து ஒழுங்கான கோலங்களாக அமைந்ததை 1787இல் வெளியிட்டார். அதிர்வு வேறானால் கோலமும் வேறாகும். கதையில் அந்த மாணவன் மணல்தட்டில் பொருள்களின் பிறவிச்சுரத்தைப் படிக்கிறான். ஏனைய நேரங்களில் வெறுங்காலோடு தரையில் நின்று உணர்கிறான். இது வெறும் ஆறுதலுக்காக எழுதியது அன்று. ஸ்காட்லாந்தைச் சேர்ந்த எவலின் கிளென்னி பன்னிரண்டு வயதுக்குள் கேட்கும் திறனை ஏறத்தாழ முழுவதும் இழந்தும், வெறுங்காலோடு மேடையில் நின்று அதிர்வை உடலால் உணர்ந்து வாசிக்கும் உலகறிந்த தாளவாத்தியக் கலைஞர். மந்திரத்தில் இவன் ஏன் மற்றவர்களை முந்துகிறான் என்றால், எச்சம் எடுத்துக்கொள்வதற்கு அவன் காதில் எதுவும் இல்லை.

இறந்தவரைப் பாட்டால் மீட்க முடியுமா?

முடியாது. பிறவிச்சுரம் நின்றுவிட்ட பொருள் எந்தச் சுரத்துக்கும் விடையளிக்காது. கிரேக்கத்தின் ஆர்ஃபியூஸ் தன் யாழால் பாதாள அரசனையே இளகவைத்தும், திரும்பிப் பார்க்கக் கூடாது என்ற ஒரு நிபந்தனையில் தவறி மனைவியை மீண்டும் இழந்தான். நான் அந்தக் கதவைத் திறக்கவே விரும்பவில்லை.

கதையில் வரும் பண்களை இப்போது எங்கே கேட்கலாம்?

சங்ககாலப் பண்கள் எப்படி ஒலித்தன என்பதை அப்படியே மீட்டெடுக்க வழியில்லை. ஆனால் பண் பெயரோடு வழங்கிவரும் தேவாரப் பதிகங்களை ஓதுவார்கள் கோயில்களில் இன்றும் பாடுகிறார்கள். அவர்கள் மரபில் குறிஞ்சிப்பண் அரிகாம்போதியிலும், மேகராகக்குறிஞ்சி நீலாம்பரியிலும், கொல்லி நவரோசிலும், பழம்பஞ்சுரம் சங்கராபரணத்திலும் பாடப்படுகின்றன. உறக்கப் பாட்டை எழுதும்போது நான் கேட்டுக்கொண்டிருந்தது நீலாம்பரி. தாலாட்டுக்கு உரியதாக நம் வீடுகளில் நெடுங்காலமாக வழங்கிவரும் ராகம் அது. ஏழாம் அத்தியாயத்தைப் படிக்கும் முன் அதில் அமைந்த ஒரு தாலாட்டை விளக்கை அணைத்துவிட்டுக் கேட்டுப் பாருங்கள். நாயகி காவலர்களை உறங்கவைக்கும் காட்சியில் எந்த இடத்தில் அவள் நிறுத்தி மூச்செடுக்கிறாள் என்பது பிறகு எளிதாகப் புரியும்.